சிரிக்க வைத்தவர் கேட்ட ஒரு நாள்

1978-ம் ஆண்டு நவம்பர் மாதம் 9-ந் தேதி. வியாழக்கிழமை இரவு.

மேற்கு ஜெர்மனியில் வீட்டுக்கு வீடு டெலிவிஷன் பெட்டியின் முன்னால் குடும்பம் குடும்பமாக உட்கார்ந்திருந்தார்கள். "டல்லி டல்லி" என்ற நிகழ்ச்சி தொடங்கியது. "டல்லி" என்றால் பெர்லின் நகரத்துப் பேச்சு வழக்கில் "சட்டென்று ஆகட்டும்" என்று பொருள். அது ஒரு கேள்வி-பதில் விளையாட்டு. ஒரே சிரிப்பும் கும்மாளமுமாக இருக்கும். அன்று 75-வது நிகழ்ச்சி. ஆகவே கொண்டாட்டம் இன்னும் தூள் பறக்கும் என்று மக்கள் எதிர்பார்த்தார்கள்.

நிகழ்ச்சியை நடத்துகிறவர் மேடைக்கு வந்தார். சிறிய உருவம். சிரித்த முகம். ஆனால் அன்று அவர் கறுப்பு உடை அணிந்திருந்தார். வழக்கமான துள்ளல் பாட்டுகளும் அன்று இல்லை. அவற்றுக்குப் பதிலாக, பழைய இசை நாடகப் பாடல்கள் ஒலித்தன.

பார்த்துக்கொண்டிருந்தவர்களில் பலருக்குக் காரணம் விளங்கவில்லை.

அந்த மனிதரின் பெயர் ஹான்ஸ் ரோசந்தால். ஜெர்மனியின் ரேடியோவிலும் டெலிவிஷனிலும் கொடி கட்டிப் பறந்தவர். ஒரு நாடே அவரைத் தன் வீட்டுப் பிள்ளை போல நேசித்தது. அப்படிப்பட்டவர் அன்று ஏன் கறுப்பு உடையில் வந்தார்?

அதைத் தெரிந்துகொள்ள, பல ஆண்டுகள் பின்னோக்கிப் போக வேண்டும்.

பெற்றோரை இழந்த பிள்ளைகள்

ரோசந்தால் 1925-ம் ஆண்டு ஏப்ரல் 2-ந் தேதி பெர்லினில் பிறந்தார். அவருடையது யூதக் குடும்பம். தகப்பனார் ஒரு பாங்கியில் வேலை பார்த்தார். ஹான்சுக்கு ஏழு வயது ஆனபோது ஒரு தம்பி பிறந்தான். அவன் பெயர் கெர்ட்.

1933-ம் ஆண்டு ஹிட்லர் ஆட்சியைப் பிடித்தான். யூதர்களுக்குப் போதாத காலம் பிறந்தது. வேலை போயிற்று. கடை போயிற்று. பள்ளிக்கூடத்தில் இடம் போயிற்று.

1938-ம் ஆண்டு நவம்பர் 9-ந் தேதி இரவு, கொடுமை எல்லை மீறியது. நாடு முழுவதும் யூதர்களின் கோவில்களுக்கு நாஜிகள் தீ வைத்தார்கள். கடைகளின் கண்ணாடிகளை உடைத்தார்கள். சுமார் 30 ஆயிரம் யூதர்களைப் பிடித்துச் சிறை முகாம்களில் அடைத்தார்கள். அப்போது ஹான்சுக்கு வயது 13.

நவம்பர் 9! இந்தத் தேதியை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

அதற்கு முந்தின ஆண்டே தகப்பனார் காலமாகிவிட்டார். 1941-ல் தாயாரும் புற்றுநோயால் இறந்தார். இரண்டு பிள்ளைகளும் அனாதை ஆனார்கள். நாஜிகள் ஹான்சைக் கட்டாய வேலைக்கு அனுப்பினார்கள். என்ன வேலை தெரியுமா? குழி வெட்டும் வேலை! பள்ளியில் படிக்க வேண்டிய பையன், இடுகாட்டில் மண்வெட்டி பிடித்தான்.

வராத கார்டுகள்

1942-ம் ஆண்டு அக்டோபர் மாதம், தம்பி கெர்ட்டை நாடு கடத்தும் நாள் வந்தது. அவனுக்கு வயது பத்து.

அண்ணனைப் பார்த்ததும் அவன் பெருமையோடு ஒரு கட்டைக் காட்டினான். 50 தபால் கார்டுகள்! தான் சேர்த்து வைத்திருந்த காசில் வாங்கியவை. எல்லாவற்றிலும் அண்ணனின் விலாசத்தை முன்கூட்டியே எழுதி வைத்திருந்தான். இரண்டு நாளைக்கு ஒரு கார்டு போட்டால், தான் எங்கே இருக்கிறோம் என்பது அண்ணனுக்குத் தெரிந்துகொண்டே இருக்கும் என்பது அந்தப் பிஞ்சு மனதின் கணக்கு.

ரெயில் ரீகா நகரை நோக்கிப் போயிற்று. அங்கே அந்தப் பாலகனை நாஜிகள் கொன்றார்கள்.

ஒரு கார்டுகூட வரவில்லை.

மூன்று பெண்கள்

அடுத்து தன் முறைதான் என்று ஹான்சுக்குத் தெரிந்துவிட்டது. 1943-ம் ஆண்டு மார்ச் மாதம் அவர் தலைமறைவானார். அப்போது வயது 17.

பெர்லினில் நகரத்து மக்கள் காய்கறி பயிரிட்டுக்கொள்ளத் துண்டு துண்டாகத் தோட்டங்கள் உண்டு. ஒவ்வொரு தோட்டத்திலும் ஒரு சிறு குடில் இருக்கும். லிச்டன்பெர்க் என்ற பகுதியில் இருந்த அப்படி ஒரு தோட்டத்துக்கு ஹான்ஸ் போனார். குடும்பத்துக்குத் தெரிந்த இடா யாவ்ச் என்ற அம்மாள் அங்கே இருந்தார். அடைக்கலம் கேட்டார். அந்த அம்மாள் கதவைத் திறந்துவிட்டார்.

இதில் என்ன பெரிய காரியம் என்று நினைக்கக் கூடாது. யூதருக்கு இடம் கொடுத்தவர்கள் பிடிபட்டால், சிறையும் முகாமும் காத்திருந்தன. உயிரே போகலாம். சோறு போடுவதும் எளிதல்ல. யுத்த காலம். எல்லாம் ரேஷன். ஒருவருக்குக் கிடைப்பதை இருவர் பங்கு போட வேண்டும். இடா யாவ்ச் தன் பங்கைப் பகிர்ந்துகொண்டார்.

1944-ம் ஆண்டு அந்த அம்மாள் இறந்துபோனார். ஹான்சுக்கு இருந்த ஒரே நிழலும் போயிற்று. அதே தோட்டப் பகுதியில் இருந்த மரியா ஷோன்பெக் என்ற பெண்ணின் கதவைத் தட்டினார். அந்தக் கதவும் திறந்தது! எம்மா ஹார்ன்ட் என்ற மற்றொரு பெண்ணும் துணை நின்றார்.

மூவரும் சாதாரண மக்கள். பணக்காரர் அல்ல. பதவியில் இருந்தவர் அல்ல. பெர்லினில் சுமார் 7 ஆயிரம் யூதர்கள் தலைமறைவாக இருந்தார்கள் என்றும், அவர்களில் சுமார் 1,700 பேரே உயிர் தப்பினார்கள் என்றும் ஆராய்ச்சியாளர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். தப்பிய அந்தச் சிலரில் ஒருவராக ஹான்சை ஆக்கியவர்கள் இந்த மூன்று பெண்கள்தான்.

இருட்டறையில் ஒரு ரேடியோ

இரண்டு ஆண்டுகளுக்கு மேல் அவர் அந்தக் குடில்களில் ஒளிந்து வாழ்ந்தார். பகலில் வெளியே தலைகாட்ட முடியாது. இருமினால்கூட ஆபத்து. விமானத் தாக்குதல் நடக்கும்போது, அக்கம்பக்கத்தார் பதுங்கு குழிகளுக்கு ஓடுவார்கள். அப்போதுதான் அவர் தோட்டத்தில் இறங்கி நடப்பார். மற்றவர்களுக்குக் குண்டு மழை. அவருக்கோ அதுதான் சுதந்திரம்!

அந்தத் தனிமையில் அவருக்குத் துணையாக இருந்தது ஒரு ரேடியோ பெட்டி.

தங்கள் பிரசாரம் வீட்டுக்கு வீடு எட்ட வேண்டும் என்று நாஜிகள் 1933-ல் மலிவு விலை ரேடியோவைக் கொண்டு வந்தார்கள். வெளிநாட்டு ரேடியோவைக் கேட்கக் கூடாது என்று 1939-ல் தடையும் போட்டார்கள். மீறியவர்களுக்குச் சிறை. சில சமயம் மரண தண்டனை. ஆனால் பெட்டிக்குச் சட்டம் தெரியுமா? முள்ளைத் திருப்பினால் லண்டனும் பேசியது. ஹான்ஸ் மெல்லிய ஒலியில் லண்டன் செய்தியைக் கேட்டார். யுத்தம் எந்தப் பக்கம் சாய்கிறது என்று அறிந்துகொண்டார்.

உயிரோடு வெளியே வந்தால் ரேடியோவில்தான் வேலை செய்வது என்ற உறுதி அவர் மனதில் விழுந்தது அங்கேதான். பொய்யைப் பரப்பவும் ரேடியோ பயன்படும். உயிரைப் பிடித்து வைக்கவும் பயன்படும். இரண்டையும் கண்ணால் கண்டவர் அவர்.

காப்பாற்றிய பிரார்த்தனை

1945-ம் ஆண்டு ஏப்ரல் மாதம். ரஷியப் படை பெர்லினுக்குள் நுழைந்தது. "விடுதலை வந்துவிட்டது!" என்று ஹான்ஸ் வெளியே ஓடி வந்தார். யூதர் என்பதைக் காட்டும் மஞ்சள் நட்சத்திரத்தைச் சட்டையில் அணிந்துகொண்டு வந்தார்.

அதைக் கண்ட ரஷியப் போர்வீரர்கள் துப்பாக்கியை நீட்டினார்கள்! வேறோர் இடத்தில் நாஜிக் காவலர்கள் தப்பிக்க அதே நட்சத்திரத்தை அணிந்து ஏமாற்றியிருந்தார்கள். இவனும் அப்படிப்பட்டவன்தான் என்று வீரர்கள் நினைத்துவிட்டார்கள்.

நல்ல வேளையாக ஓர் அதிகாரி அங்கே வந்தார். அவரும் யூதர். யூதர்கள் அன்றாடம் சொல்லும் பிரார்த்தனையைச் சொல்லும்படி கேட்டார். ஹான்ஸ் சொன்னார். துப்பாக்கி தாழ்ந்தது.

இரண்டு வருடம் நாஜிகளிடம் தப்பியவர், விடுதலை நாளில் விடுவிக்க வந்தவர்கள் கையில் மாண்டிருப்பார். விதியின் விளையாட்டு அப்படி!

ரேடியோ மன்னன்

யுத்தம் முடிந்ததும் அவர் பெர்லின் ரேடியோ நிலையத்தில் வேலைக்குச் சேர்ந்தார். அது ரஷியர்களின் கட்டுப்பாட்டில் இருந்தது. இப்படிப் பேசு, அப்படிப் பேசாதே என்ற கெடுபிடி அவருக்குப் பிடிக்கவில்லை. 1948-ல் அமெரிக்கர்கள் நடத்திய "ரியாஸ்" ரேடியோ நிலையத்துக்கு மாறினார்.

அங்கே அவர் கேள்வி-பதில் நிகழ்ச்சிகளில் புதுமை செய்தார். "எல்லோருக்கும் எதிராக ஒருவன்" என்பது ஒன்று. ஒரு சாதாரண மனிதர் கடினமான கேள்விகளைக் கொண்டு வருவார். ஓர் ஊரே திரண்டு விடை தேடும்!

1965-ல் தொடங்கிய ஞாயிற்றுக்கிழமைப் புதிர் நிகழ்ச்சி மற்றொன்று. பாட்டைக் கேட்டு விடையைக் கண்டுபிடித்துக் கார்டில் எழுதிப் போட வேண்டும். அப்போது பெர்லின் நகரின் நடுவே சுவர் எழும்பி நான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன. கிழக்கு ஜெர்மனி மக்கள் மேற்கு ரேடியோவுக்குக் கடிதம் எழுதினால் ஆபத்து. ஆகவே அவர்களுக்காக வேறு பெயரில் விலாசங்கள் ரேடியோவில் அறிவிக்கப்பட்டன. அந்த விலாசங்களுக்கு அவர்கள் விடை எழுதிப் போட்டார்கள்.

ஒரு தம்பியின் கார்டுக்காகக் காத்திருந்து ஏமாந்தவருக்கு, சுவரைத் தாண்டிக் கார்டுகள் வந்தன.

குதித்தவர்

1971-ம் ஆண்டு மே மாதம் இசட்.டி.எப். என்ற டெலிவிஷன் நிறுவனத்தில் "டல்லி டல்லி" தொடங்கியது. பிரபலமானவர்கள் இருவர் இருவராகச் சேர்ந்து விளையாடுவார்கள். சில விநாடிகளில் எத்தனை விடை சொல்ல முடியுமோ, அத்தனை சொல்ல வேண்டும். ஜெயிக்கும் பணம் அவர்களுக்கு அல்ல. தன் தவறு இல்லாமல் கஷ்டத்தில் விழுந்த ஏழைக் குடும்பங்களுக்குப் போகும்.

யாராவது நன்றாக விளையாடிவிட்டால், அரங்கில் இருக்கும் மக்கள் பொத்தானை அமுக்குவார்கள். மணி அலறும். "உங்கள் அபிப்பிராயம் என்ன?" என்கிற பாவனையில் ரோசந்தால் கூட்டத்தைக் கேட்பார். "பிரமாதம்!" என்று கூட்டம் கத்தும். உடனே அவர் கையைத் தூக்கிக்கொண்டு துள்ளிக் குதிப்பார். அந்தரத்தில் இருக்கும்போதே படம் அப்படியே ஒரு கணம் நின்றுவிடும்!

ஜெர்மனியின் பிள்ளைகள் எல்லாம் வீட்டுக் கூடத்தில் அதே மாதிரி குதித்தார்கள்.

அந்தக் குதிப்புக்குப் பின்னால் ஓர் இடுகாடும், ஒரு தோட்டத்துக் குடிலும், வராத ஐம்பது கார்டுகளும் இருப்பது பலருக்குத் தெரியாது. மேடையில் அவர் தம் துயரத்தைச் சொன்னதும் இல்லை. "ஜெர்மனியில் இரண்டு வாழ்க்கை" என்ற தம் வரலாற்று நூலை 1980-ல் வெளியிட்ட பிறகுதான் முழுக் கதையும் ஊருக்குத் தெரிந்தது.

கேட்டது ஒன்றே ஒன்று

இப்போது மறுபடியும் 1978-க்கு வரலாம்.

75-வது நிகழ்ச்சிக்கு நவம்பர் 9-ந் தேதி குறிக்கப்பட்டது. யூதர்களின் கோவில்கள் எரிந்த இரவுக்கு அன்றோடு 40 ஆண்டுகள் நிறைவு! அன்று கொலோன் நகரின் யூதக் கோவிலில் நினைவுக் கூட்டம். பிரதமர் ஹெல்முட் ஷ்மிட்டே அங்கே போய்ப் பேசுகிறார்.

ரோசந்தால் ஜெர்மனி யூதர்களின் மத்திய சபையிலும் பொறுப்பில் இருந்தவர். அவர் டெலிவிஷன் நிறுவனத்தாரிடம் ஒரு வேண்டுகோள் விடுத்தார். அன்று என்னால் கும்மாளம் போட முடியாது. வேறு ஒரு நாளைக்கு மாற்றிக்கொள்ளுங்கள் என்றார்.

முடியாது என்று சொல்லிவிட்டார்கள்!

அவர் சண்டை போடவில்லை. வேலையை உதறவும் இல்லை. கறுப்பு உடை போட்டுக்கொண்டு வந்தார். பாட்டை மாற்றினார். நிகழ்ச்சியை நடத்திக் கொடுத்தார்.

நியாயம் எந்தப் பக்கம்?

நிறுவனத்தின் பக்கமும் பேச வழி உண்டு. டெலிவிஷன் நிகழ்ச்சி என்பது ஒருவர் விவகாரம் அல்ல. தேதி முன்கூட்டியே குறிக்கப்படுகிறது. அரங்கம், விருந்தினர், வாத்தியக்காரர் எல்லாம் ஏற்பாடு ஆகிவிடுகிறது. ஒருவர் துக்கத்துக்காக நிகழ்ச்சியை மாற்றினால், நாளைக்கு இன்னொருவர் கேட்க மாட்டாரா?

கேட்பதற்கு இது சரி போலத் தோன்றும். ஆனால் இது ஒருவர் வீட்டுத் துக்கமா? தீ வைத்தது யார்? அந்த நாட்டின் ஆட்சி. வேடிக்கை பார்த்தது யார்? அந்த நாட்டின் மக்கள். அப்படியானால் அந்த நாளின் துக்கம் நாட்டுக்கே சொந்தம் அல்லவா? ரோசந்தால் தமக்காக லீவு கேட்கவில்லை. நாடு செய்ய வேண்டியதை நாட்டுக்கு நினைவூட்டினார். ஒரு வியாழக்கிழமையை மாற்றியிருந்தால் குடி மூழ்கியிருக்காது.

"அவ்வளவு வருத்தம் இருந்தால் அவரே வராமல் இருந்திருக்கலாமே!" என்று சிலர் சொல்லக்கூடும். இதுவும் சரி அல்ல. வராமல் இருந்திருந்தால், அந்த நாள் எந்த நாள் என்ற நினைப்பே இல்லாமல் வேறு எதையாவது போட்டு ஒப்பேற்றியிருப்பார்கள். அவர் வந்தார். கடமையையும் விடவில்லை. துக்கத்தையும் மறைக்கவில்லை. கோடிக்கும் மேற்பட்டவர்கள் பார்க்கும் மேடையில், வாய் திறக்காமலே கறுப்புத் துணியால் பேசினார்.

தவறு வேறு எங்கோ இருந்தது. "இந்த மனிதர் சிரிக்கிறார், நம்மோடு விளையாடுகிறார், ஆகவே பழைய கணக்கு தீர்ந்துவிட்டது" என்கிற எண்ணத்தில்தான் இருந்தது. துன்பப்பட்டவன் சிரித்தால், துன்பம் கொடுத்தவனுக்கு அது மிகவும் சௌகரியமாக இருக்கிறது. அந்தச் சிரிப்பையே கடன் தீர்ந்ததற்கு ரசீதாக எடுத்துக்கொள்கிறான்.

சிரிப்பு ரசீது அல்ல! அது அவன் மனமுவந்து கொடுக்கும் கொடை. கொடை வாங்கியவர்களுக்குக் கடமை கூடுகிறதே ஒழியக் குறைவதில்லை.

யாருக்கு நன்றி?

இத்தனை கொடுமை செய்த நாட்டில் ரோசந்தால் ஏன் தங்கினார்? தம் நூலில் அவரே பதில் சொல்லியிருக்கிறார். வெறுப்பு இல்லாமல் ஜெர்மனியில் வாழ முடிகிறது என்றால், லிச்டன்பெர்க் தோட்டத்தின் அந்த மூன்று பெண்களே காரணம் என்று அவர் எழுதினார்.

அந்தப் பெண்கள் கணக்குப் பார்க்கவில்லை. கதவு தட்டப்பட்டது, திறந்தார்கள். ஆனால் முப்பத்தைந்து ஆண்டு கழித்து, அமைதி நிலவும் காலத்தில், எந்த ஆபத்தும் இல்லாத பெரிய நிறுவனம் ஒரே ஒரு நாளைக் கொடுக்கக் கணக்குப் பார்த்தது! பயம் இருந்த காலத்தில் ஏழைகள் காட்டிய தாராளம், பயம் இல்லாத காலத்தில் பெரியவர்களிடம் இல்லை.

வீட்டிலும் இது நடப்பதுதான். எப்போதும் கலகலப்பாக இருப்பவர் ஒரு நாள் வாடியிருந்தால், "உனக்கு என்ன குறைச்சல்?" என்று மற்றவர்கள் அதட்டுகிறார்கள். எல்லோரையும் சிரிக்க வைப்பவருக்கு அழ ஒரு நாள் கொடுப்பதில்லை.

மனிதர் மறைந்தார்

ரோசந்தால் 1986-ம் ஆண்டு செப்டம்பர் வரை "டல்லி டல்லி"யை நடத்தினார். மொத்தம் 153 நிகழ்ச்சிகள். பிறகு உடல்நலம் கெட்டது. 1987-ம் ஆண்டு பிப்ரவரி 10-ந் தேதி புற்றுநோயால் காலமானார். வயது 61. தாம் ஒளிந்து வாழ்ந்த அதே பெர்லினில் அடக்கம் செய்யப்பட்டார்.

ஏழைக் குடும்பங்களுக்கு உதவ அவர் பெயரால் ஒரு தர்ம ஸ்தாபனம் ஏற்பட்டது. அவர் வேலை பார்த்த ரேடியோ நிலையத்துக்கு முன்னால் உள்ள சதுக்கத்துக்கு அவர் பெயரே சூட்டப்பட்டது. 2025-ல் அவருடைய நூற்றாண்டு வந்தது. நாளை மாற்ற மறுத்த அதே இசட்.டி.எப். நிறுவனம், அந்த 1978-ம் ஆண்டு சம்பவத்தையே வைத்து "ரோசந்தால்" என்ற படத்தை ஒளிபரப்பியது.

நல்லதுதான். செய்த தவறை ஒளிக்காமல் காட்டுவதற்கும் மனம் வேண்டும். ஆனால் கேட்டவர் கேட்டபோது கொடுத்திருந்தால், 47 ஆண்டுகள் கழித்துப் படம் எடுக்க வேண்டியிருக்காது.

ரோசந்தாலுக்கு ஒரு மகன் பிறந்தபோது, அவனுக்கு கெர்ட் என்று பெயர் வைத்தார். தபால் கார்டுகளோடு ரெயில் ஏறிய தம்பியின் பெயர் அது. வீட்டில் நாள்தோறும் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டவர், மேடையில் நாட்டையே சிரிக்க வைத்தார்.

அவர் மறக்கவில்லை. மறக்காமலே சிரித்தார். மற்றவர்கள்தான், அவர் சிரித்ததைப் பார்த்து மறந்துவிட்டார்கள்.